இரண்டு போட்டியில் தொடரா?

ஆஸ்திரேலிய ரக்பி லீக்கில் (ரக்பியின் ஒரு வகை) குயின்ஸ்லாந்து, நியூ சவுத் வேல்ஸ் ஆகிய இரண்டு மாநில அணிகள் மோதும் பெண்கள் போட்டி 1999-லேயே தொடங்கிவிட்டது. ஆனால் ஆண்கள் தொடருக்கு இருக்கும் 'ஸ்டேட் ஆஃப் ஒரிஜின்' என்ற பெயர் கிடைக்க 2018 ஆனது! அதுவரை யார் கண்டுகொண்டார்கள்? குயின்ஸ்லாந்தை நியூ சவுத் வேல்ஸ் முதன்முதலாக வென்றதே 2016-ல்தான்.

2023-ல் ஒற்றை ஆட்டத்தை இரண்டாக்கினார்கள். ஆளுக்கொரு வெற்றி; மொத்தப் புள்ளி 32-28 என்று கோப்பை குயின்ஸ்லாந்துக்குப் போனது. கடைசி ஆட்டத்தில் தோற்றுவிட்டுக் கோப்பையைத் தூக்குவது என்ன கணக்கோ!

சரி, 2024-ல் மூன்றாக்கினார்கள். முதல் ஆட்டத்தில் தோற்ற குயின்ஸ்லாந்து, நியூகாசிலில் கடைசி நிமிடங்களில் லாரன் பிரவுன் உதைத்த ஒரே ஒரு ஃபீல்டு கோலால் (ஆட்டத்தின் நடுவிலேயே பந்தைக் கம்பங்களுக்கிடையே உதைத்து எடுக்கும் ஒரு புள்ளி) 11-10 என்று தப்பியது. அப்புறம் டவுன்ஸ்வில்லில் தொடரையே வென்றது. மூன்று ஆட்டம் இருந்ததால்தானே இந்தக் கூத்தெல்லாம்?