உள்ளே கருப்பு, வெளியே சிவப்பு: நான்கு முறை சுட்டுப் பார்த்த அனுபவம்

2023 மார்ச்சில் திறக்கப்பட்ட கீழடி அருங்காட்சியகத்தில், கண்ணாடிக்குப் பின்னால் இருந்த கருப்பு சிவப்புப் பானைகளின் முன்னால் நான் நெடுநேரம் நின்றுவிட்டேன். உட்புறமும் விளிம்பும் மையாகக் கருத்திருக்க, விளிம்புக்குச் சற்றுக் கீழே அந்தக் கருமை நின்றுபோய், அடிவரை செங்கல் நிறம் தொடர்ந்தது. இரண்டு வண்ணம் பூசியது போலத் தோன்றினாலும் அது ஒரே மண். நிறம் வந்தது நெருப்பில். அதைப் போல ஒரு சிறு கிண்ணத்தையாவது என் கையால் செய்துவிட வேண்டும் என்று தொடங்கி, எட்டு மாதங்களில் நான்கு முறை சுட்டுப் பார்த்ததை இங்கே எழுதி வைக்கிறேன்.

இவ்வகைப் பானை கீழடிக்கு மட்டும் உரியதன்று. அலெக்சாண்டர் ரீ 1899 முதல் தோண்டிய ஆதிச்சநல்லூரிலும், நொய்யல் கரையிலுள்ள கொடுமணலிலும், 1947இல் மார்ட்டிமர் வீலர் அகழ்ந்த கர்நாடகத்துப் பிரம்மகிரியிலும் இது கிடைத்திருக்கிறது. ராஜஸ்தானின் ஆஹார் பண்பாட்டில் இன்னும் பழைய காலத்திலேயே இது இருந்தது. எகிப்தில் அரசர்கள் தோன்றுவதற்கு முன்பே வாய்ப்பகுதி மட்டும் கருத்த சிவப்புக் குடங்களைச் செய்திருக்கிறார்கள். மண்ணில் உள்ள இரும்பு, காற்று தாராளமாகக் கிடைக்கும் தீயில் சிவக்கும்; காற்று கிடைக்காத இடத்தில் கருக்கும், அதோடு எரிந்து முடியாத கரியும் மண்ணின் நுண்துளைகளில் ஏறி அடைந்துகொள்ளும். ஆகவே பானையைக் கவிழ்த்து வைத்து, உள்ளே வைக்கோல் போன்ற எரிபொருளை அடைத்துச் சுட்டால் உட்புறம் கருப்பாகவும் வெளிப்புறம் சிவப்பாகவும் வரும் என்பது பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். முதலில் முழுவதும் சிவக்கச் சுட்டு, பிறகு இரண்டாம் முறை உட்புறத்தை மட்டும் கருக்கியிருக்கலாம் என்று கருதுவோரும் உண்டு. நான் முதல் வழியையே பிடித்துக்கொண்டேன்.

மண் கண்மாயிலிருந்து வந்தது. வழிவழியாகப் பானை வனையும் ஒரு பெரியவர், தமக்காக எடுத்து வைத்திருந்ததில் இரண்டு மூட்டை கொடுத்தார். ஊற வைத்து, துணியில் வடிகட்டி, மூன்று பங்குக்கு ஒரு பங்கு சன்னமான ஆற்று மணல் சேர்த்து மிதித்தேன். பத்து சென்டிமீட்டர் கோடு கீறிய ஒரு வில்லையைச் சுட்டபோது அது 9.2 ஆகச் சுருங்கியிருந்தது; மணலைக் குறைத்துச் செய்த வில்லை அதைவிட அதிகம் சுருங்கி நடுவில் பிளந்தது. எனக்குச் சக்கரம் இன்னும் கைவரவில்லை. நம் ஊர்ப் பானைகள் பலவும் சக்கரத்தில் அடியில்லாமல் எடுக்கப்பட்டு, பாதி காய்ந்த பின் உள்ளே கல்லைக் கொடுத்து வெளியே பலகையால் தட்டித் தட்டித்தான் அடி மூடப்படுகின்றன என்பதால், அந்தத் தட்டும் வேலையை மட்டும் கற்றுக்கொண்டு, தடித்த வில்லைகளை ஒரு கல்லின் மேல் வைத்துத் தட்டிக் கிண்ணங்களாக்கினேன். பன்னிரண்டு சென்டிமீட்டர் வாய், அரை சென்டிமீட்டர் தடிமன்.

மெருகிடுவதுதான் இந்த வேலையில் எனக்கு மிகவும் பிடித்துப்போன பகுதி. பழைய ஓடுகளின் பளபளப்பு மேற்பூச்சால் வந்ததாகவே நான் முன்பு நினைத்திருந்தேன். வழவழப்பான கூழாங்கல்லால் தேய்த்தாலே அது வந்துவிடுகிறது. ஆனால் பதம் தவறக்கூடாது. நகத்தால் அழுத்தினால் தடம் விழ வேண்டும், விரல் நுனியால் அழுத்தினால் விழக்கூடாது. ஈரம் அதிகமாக இருந்தால் கல் மண்ணை இழுத்துக்கொண்டு போகிறது. காய்ந்துவிட்டால் கீறல் மட்டும் விழுகிறது. சரியான பதத்தில், முதலில் சரசரவென்று கேட்கும் ஓசை தேய்க்கத் தேய்க்க அடங்கி, கல் எண்ணெயில் போவது போல வழுக்கத் தொடங்கும். அந்த நேரத்தில் கிண்ணத்தைச் சாய்த்தால் சன்னல் வெளிச்சம் அதன் வயிற்றில் ஒரு கோடாக விழும். ஒரு கிண்ணத்துக்கு நாற்பது நிமிடம் ஆயிற்று. தேய்த்த முகத்தில் களிமண் துகள்கள் நெருங்கிப் படிந்துவிடுவதால், சுட்ட பிறகும் அந்த மினுமினுப்பு நின்றது.

முதல் சூளையைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. ஒரு வாரம் நிழலில் காய்ந்ததே போதும் என்று நம்பி வறட்டியை அடுக்கித் தீ வைத்தேன். இருபது நிமிடத்துக்குள் பட்பட்டென்று ஐந்து கிண்ணங்களும் வெடித்தன. உள்ளே மீந்திருந்த நீர் ஆவியாகி வெளியேற வழியின்றி மண்ணைத் தகர்த்துவிட்டது. பெரியவரிடம் சொன்னபோது, "தம்பி, மொதல்ல ஒரு மணி நேரம் சும்மா புகையக் காட்டுங்க. பானையத் தொட்டா கை பொறுக்காத சூடு வந்த பொறவு தீய ஏத்துங்க" என்றார். அதற்குப் பிறகு ஒன்றுகூட வெடிக்கவில்லை.

இரண்டாம் முறை தரையில் உமியைப் பரப்பி, வைக்கோல் திணித்த கிண்ணங்களை அதன்மேல் கவிழ்த்து, மேலே வறட்டி மூடினேன். வெப்பத்தை அளக்கும் தெர்மோகப்பிள் கம்பி 740 டிகிரி செல்சியஸ் காட்டியது. ஆவலை அடக்க முடியாமல், இன்னும் செந்தணலாக இருந்த ஒரு கிண்ணத்தை இடுக்கியால் தூக்கித் திருப்பினேன். உட்புறம் நான் விரும்பியபடியே கருத்திருந்தது. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே விளிம்பில் ஒரு சாம்பல் நிறக் கோடு தோன்றி உள்நோக்கி நகர்ந்தது. அதன் பின்னால் சிவப்பு வந்தது. ஒரு நிமிடத்துக்குள் அடியில் ஒரு கரும்பொட்டு மட்டும் மிஞ்சியது. அந்த வெப்பத்தில் காற்றுப் பட்டதும் கரி எரிந்து போய்விடுகிறது. கருப்பை உண்டாக்குவது எளிது, ஆறும்வரை அதைக் காப்பதுதான் கடினம் என்று அந்த ஒரு நிமிடத்தில் விளங்கிற்று.

அதனால் மூன்றாம் முறை எல்லாவற்றையும் சாம்பலால் மூடி மறுநாள் காலைவரை விட்டுவிட்டேன். கிண்ணங்கள் வெளியேயும் உள்ளேயும் முழுக்கக் கருப்பாக வந்தன. அழகாகவே இருந்தன, ஆனால் நான் தேடியது அதுவன்று.

நான்காம் முறை ஆறு கிண்ணங்களின் விளிம்பை இரண்டு விரற்கடை ஆழத்துக்கு உமியும் சாம்பலும் கலந்த மெத்தையில் புதைத்தேன். வறட்டி எரிந்து அடங்கி, கிண்ணங்களின் முதுகு செந்தணலாக நின்றபோது, மேலே படிந்திருந்த தணலையும் சாம்பலையும் நீண்ட கம்பியால் மெல்ல விலக்கினேன். விளிம்பைச் சுற்றிய மெத்தையைத் தொடவில்லை. வெளிப்புறத்தில் படிந்திருந்த கரிக்கறைகள் காற்றுப் பட்டு ஒவ்வொன்றாக வெளுத்துச் சிவந்தன. பிறகு கை வைக்கும் சூடு வரும்வரை, ஏறக்குறைய ஐந்து மணி நேரம், ஒன்றையும் அசைக்காமல் காத்திருந்தேன். நான்கு கிண்ணங்களில் காற்று எங்கோ புகுந்து உள்ளே செந்திட்டுகளை விட்டிருந்தது. இரண்டில் உட்புறம் முழுவதும் கருத்து, வெளியே புதைந்திருந்த அளவுக்குக் கருமை ஏறி, அதற்கு மேல் சிவப்பு தொடங்கியிருந்தது. நிமிர்த்தி வைத்ததும் அருங்காட்சியகத்தில் பார்த்த அந்த எல்லைக்கோடு என் கையில் இருந்தது.

நல்ல இரண்டில் ஒன்றை, மனம் கேட்காமல்தான், உடைத்துப் பார்த்தேன். உடைந்த முகத்தில் உட்பக்கம் இரண்டு மில்லிமீட்டர் கருப்பு, நடுவில் மெல்லிய சாம்பல் நிறம், பிறகு சிவப்பு. ஒரு சில்லைக் கரி அடுப்பில் போட்டு ஊதிச் செந்தணலாக்கி ஆறவிட்டபோது கருப்பு முற்றிலும் போய், முழுச் சிவப்பாயிற்று. என் கருப்பின் தன்மை இவ்வளவுதான். கீழடி ஓடுகளின் கரிய உட்பூச்சில் கார்பன் நானோகுழாய்கள் (கார்பன் அணுக்களாலான, கண்ணுக்குத் தெரியாத மிக நுண்ணிய குழாய்கள்) இருப்பதாக வேலூரைச் சேர்ந்த ஆய்வாளர்கள் 2020இல் ஓர் ஆய்விதழில் எழுதியிருக்கிறார்கள். கீழடியில் 353 சென்டிமீட்டர் ஆழத்தில் கிடைத்த மாதிரியின் காலம் கி.மு. 580 எனக் கணிக்கப்பட்டிருக்கிறது. அத்தனை நூற்றாண்டுகள் மண்ணுக்குள் கிடந்தும் உதிராத பூச்சுக்கு, வைக்கோல் புகை மட்டும் போதுமா என்ற கேள்வி எனக்கு இருக்கிறது. தாவரச் சாறு எதையாவது உள்ளே தடவியிருப்பார்களோ என்றும் தோன்றுகிறது.

இப்போது எட்டுக் கிண்ணங்கள் நிழலில் காய்கின்றன. நான்கின் உட்புறத்தில் கற்றாழைச் சாறு தடவி மெருகிட்டிருக்கிறேன், மற்ற நான்கு வெறும் மண். இம்முறை மூன்று வாரம் காயவிட்டு, மெத்தையில் சாம்பலைக் கூட்டி, விளிம்பை மூன்று விரற்கடை ஆழத்தில் புதைக்கப் போகிறேன்.