பாட்டில் அடியில மண்டின துரு

எங்க லேப்ல தினமும் 30, 40 தண்ணி சாம்பிள் வரும். அதுல ஆர்சனிக்ங்கற விஷம் இருக்கான்னு பாக்கக் கேட்டு வர்றது கொஞ்சம்தான், அதுலயும் ரிசல்ட் பெரும்பாலும் 1, 2, இல்லன்னா "கண்டறியும் அளவுக்குக் கீழ"ன்னுதான் இருக்கும். வருஷக்கணக்கா அதையே டைப் பண்ணிட்டு இருந்தா கை தானா அடிக்க ஆரம்பிச்சுடும். லிமிட் லிட்டருக்கு 10 மைக்ரோகிராம். உலக சுகாதார நிறுவனம் 1993ல வச்ச அளவு அது, அதுக்கு முன்னாடி 50ஆ இருந்துச்சு. 10 மைக்ரோகிராம்னா எவ்ளோன்னு கேக்கறவங்களுக்கு நான் சொல்றது, ஒரு லட்சம் லிட்டர் தண்ணில ஒரே ஒரு கிராம். கேட்டுட்டு "இவ்ளோதானா, இதுக்கா இவ்ளோ அலட்டல்"ம்பாங்க. வேலைக்கு சேந்த புதுசுல நானும் மனசுக்குள்ள அப்படித்தான் நெனச்சேன்.

எனக்கு அப்ப இருந்த பயம் எல்லாம் ஒரே ஒரு பயம்தான், இல்லாத ஆர்சனிக்க இருக்குன்னு சொல்லி யாரையாவது பதற வச்சுடக் கூடாது. அதுக்குக் காரணம் இருக்கு. நாங்க யூஸ் பண்ற ஐசிபி-எம்எஸ் மெஷின் அணுவோட எடைய வச்சுதான் ஆள அடையாளம் கண்டுபிடிக்கும், ஆர்சனிக்கோட எடை 75, மெஷினுக்குள்ள ஓடுறது ஆர்கான் வாயு, அதோட எடை 40, தண்ணில உப்பு இருந்தா குளோரின் வரும், அது 35, ரெண்டும் ஒட்டிக்கிட்டா 75, மெஷின் பாட்டுக்கு ஆர்சனிக்னு சொல்லிடும். சேந்த மூணாவது மாசம் ஒரு உப்புத் தண்ணி சாம்பிள்ல நான் இப்படித்தான் மாட்டிக்கிட்டேன், இந்த மாதிரி ஒட்டிக்கிட்ட ஜோடிய வடிகட்டற ஹீலியம் மோடுல போடாம ஓட்டிட்டு 30க்கு மேல இருக்குன்னு போய் நிக்க, மேடம் ஒரு சிரிப்பு சிரிச்சாங்க பாருங்க. அன்னைலேந்து அதிகமா நம்பர் வந்தா நாலு தடவ ஓட்டுவேன். கம்மியா வந்தா? ஒரு தடவ கூட சந்தேகப்பட்டது கிடையாது.

அப்படி இருக்கறப்பதான் ஒரு பெரியவர் வீட்டு போர் தண்ணிய கொண்டு வந்து குடுத்தாரு. எடுத்து நாலு நாள் ஆயிருந்துச்சு, ஆசிட் எதுவும் சேக்கல. நான் பாட்டில் மேல இருந்த தெளிவான தண்ணிய எடுத்து, ஃபில்டர் பண்ணி, ஓட்டினேன். 6 வந்துச்சு. பாஸ். ரிப்போர்ட் அடிச்சு சைன் போட்டு குடுத்தாச்சு, மறந்தும் போச்சு.

ரெண்டு மாசம் கழிச்சு அதே மனுசன் அந்த ரிப்போர்ட்ட நாலா மடிச்சு சட்டப் பையில வச்சுட்டு வந்தாரு. கூட அவரு வீட்டம்மா.

"தம்பி, தண்ணி நல்லாருக்குன்னு நீங்கதானே குடுத்தீங்க?"

"ஆமாங்கய்யா, ஏன், என்னாச்சு?"

அவரு ஒண்ணும் சொல்லல, அந்தம்மாவப் பாத்தாரு. அவங்க ரெண்டு கையையும் டேபிள் மேல மல்லாத்தி வச்சாங்க. உள்ளங்கை முழுக்க சின்னச் சின்னதா கெட்டியான முடிச்சு, கால் ஆணி மாதிரி, ஆனா கையில. பாதத்துலயும் இருக்குன்னாங்க, ரொம்ப நாளா ஆணின்னு நெனச்சு பிளேடால சீவிட்டு இருந்திருக்காங்க. கழுத்துக்குக் கீழ தோல் கறுத்து, அந்தக் கறுப்புக்கு நடுவுல வெள்ளை வெள்ளையா புள்ளி. புழுதி மேல நாலு துளி மழை விழுந்தா எப்படி இருக்கும், அப்படி. டாக்டருங்களே இதுக்கு மழைத்துளின்னுதான் பேரு வச்சிருக்காங்கன்னு நான் புத்தகத்துல படிச்சிருக்கேன், போட்டோவும் பாத்திருக்கேன், ஆனா ஒரு மனுஷியோட தோல்ல நேர்ல பாத்தது அன்னைக்குத்தான்.

தோல் டாக்டர் ஒருத்தர் சந்தேகப்பட்டு யூரின் டெஸ்ட் எழுதியிருக்காரு. கெட்டிக்கார டாக்டர், டெஸ்டுக்கு முன்னாடி சில நாள் மீன், இறால், நண்டு எதுவும் தொடக் கூடாதுன்னு சொல்லி அனுப்பியிருக்காரு. கடல் உணவுல ஆர்சனோபீட்டைன்னு ஒரு வகை ஆர்சனிக் இருக்கு, அது உடம்புக்கு ஒண்ணும் பண்ணாது, அப்படியே வெளிய போயிடும், ஆனா மொத்த ஆர்சனிக்க அளந்தா நம்பர் எகிறிடும். இவங்களுக்கு அதெல்லாம் இல்லாமலே நம்பர் எகிறியிருந்துச்சு. அதோட அர்த்தம் எனக்கு நல்லாவே தெரியும். ஆர்சனிக் ரத்தத்துல ரொம்ப நேரம் தங்காது, பெரும்பகுதி சில நாள்ல யூரின்ல போயிடும், பழைய கதை வேணும்னா முடியையும் நகத்தையும்தான் பாக்கணும். யூரின்ல இருக்குன்னா இப்ப, இந்த வாரம், எங்கயோ உள்ள போயிட்டு இருக்கு. அவங்க கிட்ட இருந்த ஒரே தண்ணி நான் பாஸ் போட்ட தண்ணி.

மேடம் கிட்ட போனேன். அவங்க ரிப்போர்ட்ட பாத்தாங்க, என்னைப் பாத்தாங்க, ஒரே ஒரு கேள்விதான் கேட்டாங்க.

"பாட்டில குலுக்குனியா?"

மிச்ச சாம்பிள மூணு மாசம் வச்சிருக்கணும்ங்கறது எங்க ரூல், நல்ல வேளை பாட்டில் ரேக்குலயே இருந்துச்சு. எடுத்து வெளிச்சத்துல பாத்தேன். மேல தண்ணி கண்ணாடி மாதிரி இருக்கு, அடியில காவி கலர்ல ஒரு விரல் நகம் கனத்துக்கு துரு மண்டியிருக்கு. அதே பாட்டிலுக்குள்ள நைட்ரிக் ஆசிட் விட்டு ராத்திரி முழுக்க விட்டுட்டுப் போனோம், காலைல துரு கரைஞ்சு தண்ணி தெளிவா இருந்துச்சு. ஓட்டினோம். 238.

நடந்தது இதுதான். தண்ணி பூமிக்குள்ள இருந்தப்ப அதுல ஆக்சிஜன் கிடையாது, இரும்பு கரைஞ்ச நிலையில இருந்துச்சு. வெளிய எடுத்ததும் காத்து பட்டு இரும்பு துருவா மாறி கீழ எறங்க ஆரம்பிச்சுது, எறங்கறப்ப சும்மா எறங்காம கூட இருந்த ஆர்சனிக்கையும் கையப் புடிச்சு இழுத்துக்கிட்டு போயிடுச்சு. நான் ஃபில்டர் பண்ணி எடுத்தது, விஷத்த கீழ விட்டுட்டு வந்த தண்ணி. தண்ணி எடுத்த இடத்துலயே ஆசிட் விட்டு பிஎச்ச 2க்குக் கீழ கொண்டு வந்திருந்தா இது நடக்காது. மேனுவல்ல இருக்கு. படிச்சிருக்கேன். பரீட்சைல எழுதி மார்க்கும் வாங்கியிருக்கேன்.

இதுல என்னைப் போட்டு உலுக்குன விஷயம் என்னன்னா, அந்த ஆர்சனிக் தண்ணிக்கு வந்ததுக்கும் காரணம் இதே துருதான். மலைப் பாறைலேந்து அரிச்சு வந்த வண்டல் மண்ணுல, மண்துகள் மேல படிஞ்ச இரும்புத் துருவுல ஆர்சனிக் ஒட்டிக்கிட்டு ஆயிரக்கணக்கான வருஷம் சும்மாதான் கெடக்கு. கூடவே புதைஞ்சு போன இலை தழைய தின்னு வாழற பாக்டீரியா இருக்கே, அதுக்கு அங்க ஆக்சிஜன் கிடைக்காததால துருவுல இருக்கற இரும்ப வச்சு மூச்சு விடுது, துரு கரையுது, ஒட்டிட்டு இருந்த ஆர்சனிக் தண்ணிக்குள்ள எறங்குது. ஃபேக்டரி வேணாம், எவனும் விஷம் கலக்க வேணாம்.

பங்களாதேஷ்ல இதுதான் நடந்துச்சு. குளம் குட்டைத் தண்ணிய குடிச்சு குழந்தைங்க வயித்துப்போக்குல செத்துட்டு இருந்தாங்க, அத நிறுத்த 1970கள்ல அரசும் யுனிசெஃபும் சேந்து லட்சக்கணக்குல குழாய்க் கிணறு போட வழி பண்ணாங்க. நல்ல எண்ணம்தான். கிருமி இருக்கான்னு பாத்தாங்க, ஆர்சனிக் பாக்கணும்னு அப்ப யாருக்கும் தோணல. பக்கத்துல மேற்கு வங்காளத்துல 1983லயே கே.சி. சாஹான்னு ஒரு தோல் டாக்டர், தன்கிட்ட வந்த நோயாளிங்களோட தோல பாத்தே இது தண்ணியால வர்றதுன்னு கண்டுபிடிச்சுட்டாரு, பங்களாதேஷ் கிணத்துல உறுதியானது 1993ல. அப்புறம் கிணறு கிணறா டெஸ்ட் பண்ணி ஆகாத குழாய்க்கு சிவப்பு பெயிண்ட், நல்ல குழாய்க்கு பச்சை பெயிண்ட் அடிச்சாங்க. ஒரே தெருவுல ஒண்ணு சிவப்பு, நாப்பது அடி தள்ளி இன்னொண்ணு பச்சை, அப்படி எல்லாம் இருக்கும். அதனாலதான் "பக்கத்து வீட்டு போர் ரிப்போர்ட் நல்லாருக்கு சார், எங்களுக்கும் அதே தண்ணிதானே"ன்னு வர்றவங்கள நான் விடறதில்ல.

ஆர்சனிக் உடம்புக்குள்ள போக வேற வழியும் இருக்கு, இல்லாம இல்ல. செம்பு உருக்கற ஆலைப் புகை, பழைய பூச்சிமருந்து, ஆர்சனிக் கலந்த மருந்து ஏத்தின மரத்த எரிக்கறது, கம்ப்யூட்டர் சிப் செய்யற எடத்துல ஆர்சைன்ங்கற ஆர்சனிக் வாயு. இந்த வாயு தனி ரகம், ரத்தத்துல சிவப்பணுவ உடைச்சு யூரினையே சிவப்பாக்கிடும். நடிகருங்க மூஞ்சில பூசுற அரிதாரம்ங்கற வார்த்தையே ஆர்சனிக் இருக்கற மஞ்சக் கல்லோட பேருதான், யோசிச்சா கொஞ்சம் கெதக்குன்னுதான் இருக்கு. ஆனா உலகத்துல அதிகம் பேர கெடுத்தது இதெல்லாம் இல்ல, குடிதண்ணிதான்.

நாம கதைல கேட்ட பாஷாணமும் ஆர்சனிக்தான், ஆனா அது ஒரேயடியா குடிச்சா வர்ற விஷயம், வாந்தி, கஞ்சித் தண்ணி மாதிரி பேதி, இதயத் துடிப்பு தாறுமாறு, தப்பிச்சா கை கால் மரத்துப் போறது, நகத்துல வெள்ளைக் கோடு. தண்ணில வர்றது அப்படி இல்ல. நெறம் இல்ல, மணம் இல்ல, ருசி இல்ல. உடம்புக்குள்ள போய் ஒரு வகை ஆர்சனிக், என்சைம்ல இருக்கற சல்ஃபர புடிச்சுக்கிட்டு அத வேலை செய்ய விடாது, இன்னொரு வகை பாஸ்பேட் மாதிரியே வேஷம் போட்டுக்கிட்டு செல்லுக்கு சக்தி தயாராகற எடத்துல நொழைஞ்சு காரியத்தக் கெடுக்கும். கல்லீரல் முடிஞ்ச வரைக்கும் அதுல மெத்தில்ங்கற சின்ன ரசாயனத் துண்ட ஒட்டி வெளிய அனுப்பும், தினமும் அனுப்பும், தினமும் நாம ஊத்திட்டே இருப்போம். தோல்ல தெரியவே பல வருஷம் ஆகும். அதுக்கப்புறம் தோல், நுரையீரல், சிறுநீர்ப்பை கேன்சர், இதய நோய், சர்க்கரை, வளர்ற புள்ளைங்களுக்கு மூளை வளர்ச்சில அடி. சிலி நாட்டுல அன்டோஃபகாஸ்டான்னு ஒரு நகரத்துல 1958லேந்து 1970 வரைக்கும் லிட்டருக்கு 800 மைக்ரோகிராமுக்கு மேல ஆர்சனிக் இருந்த ஆத்துத் தண்ணிய சப்ளை பண்ணாங்க, 1970ல சுத்திகரிப்பு வந்துடுச்சு, ஆனா அதுக்கப்புறம் 20 வருஷம் தாண்டியும் அங்க நுரையீரல் கேன்சர் சாவும் சிறுநீர்ப்பை கேன்சர் சாவும் கொறையல. தண்ணி மாறிடுச்சு, உடம்பு மறக்கல.

பெரியவருக்கு போன் பண்ணி நான்தான் சொல்லணும்னு மேடம் சொல்லிட்டாங்க. எனக்கு கை நடுங்குச்சு, பொய் இல்ல. 238ன்னு சொன்னேன், தப்பு எங்க மேலதான்னும் சொன்னேன், பாட்டில குலுக்காம விட்டது, துரு, எல்லாம் சொன்னேன். அவரு திட்டுவாருன்னு காத்துட்டு இருந்தேன், அவரு கேட்டது, "காய்ச்சிக் குடிக்கலாமா தம்பி?"

"வேணாங்கய்யா, காய்ச்சினா தண்ணிதான் ஆவியா போகும், அது போகாது, இன்னும் கூடத்தான் செய்யும்."

குளிக்க, துணி துவைக்கப் பிரச்சனை இல்ல, குடிக்கவும் சமைக்கவும் மட்டும் வேற தண்ணின்னு சொன்னேன். மருந்து இருக்கான்னு கேட்டாரு. ஒரேயடியா விஷம் ஏறினவங்களுக்கு, ஆர்சனிக்க புடிச்சு வெளிய கொண்டு போற கீலேஷன் மருந்து குடுப்பாங்க, இப்படி வருஷக்கணக்குல ஏறினதுக்கு அது பெருசா உதவும்னு உறுதியான ஆதாரம் இல்ல, டாக்டர் கிட்ட கேளுங்க, ஆனா முதல் மருந்து அந்தத் தண்ணிய நிறுத்தறதுதான்னேன். ரெண்டு மாசம். நான் 6ன்னு போட்டதால அந்தம்மா கூடுதலா குடிச்ச ரெண்டு மாசத்த நான் இன்னமும் கணக்குப் பண்றேன். பல வருஷத்துல ரெண்டு மாசம் என்னன்னு மேடம் சமாதானம் சொன்னாங்க, கேக்கறதுக்கு சரியாத்தான் இருந்துச்சு.

இப்ப ஆசிட் விடாத பாட்டில் வந்தா நான் அன்னைக்கே ஓட்டறதில்ல. அதே பாட்டில்ல ஆசிட் விட்டு ஒரு நாள் வைக்கணும்பேன், அவசரம்னு சண்டை போடறவங்க இருக்காங்க, போன வாரம் கூட ரிசப்ஷன்ல ஒருத்தர் கத்திட்டுப் போனாரு. புதுசா வர்ற பசங்களுக்கு மெஷினுக்கு முன்னாடி பாட்டிலோட அடியத்தான் காட்டறேன்.

பெரியவர் ஒரு வருஷம் கழிச்சு மறுபடி வந்தாரு, ஃபில்டர் போட்டிருக்காரு, அதோட தண்ணிய டெஸ்ட் பண்ணணுமாம். அந்த ஃபில்டர்ல உள்ள இருக்கறதும் இரும்புத் துருதான், ஆர்சனிக்க புடிச்சு வைக்க இருக்கற மலிவான வழிகள்ல அதுவும் ஒண்ணு, பழசானா மாத்தணும், அவ்ளோதான். அம்மா எப்படி இருக்காங்கன்னு கேட்டேன். கை கொஞ்சம் மெத்துன்னு ஆயிருக்கு, புள்ளி அப்படியேதான் இருக்கு, டாக்டர் வருஷா வருஷம் யூரின்ல ரத்தம் வருதான்னு பாக்க வரச் சொல்லியிருக்காருன்னாரு. நான் ஆசிட் பாட்டில எடுக்கத் திரும்பினேன். திரும்பிப் பாத்தா அவரு சாம்பிள் பாட்டில ரெண்டு கையால புடிச்சுட்டு நல்லா குலுக்கிட்டு இருக்காரு.