லைசன்ஸ் வாங்காத ஐலோவும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது

கஞ்சிக்கோட்டில் நான் சர்வர் பார்த்துக்கொடுக்கும் கம்பெனிகள் பெரும்பாலும் சின்னவை. கோயம்புத்தூரில் செகண்ட்ஹேண்ட் எச்பி புரோலியன்ட் வாங்கி, வாளையார் வழியாகக் கொண்டுவந்து வைத்துக்கொள்வார்கள். அப்படி ஒருவரிடம், சர்வரைத் தூரத்திலிருந்தே கவனித்துக்கொள்ள உதவும் ஐலோவின் பாஸ்வேர்டைக் கேட்டேன். "அதுக்கு லைசன்ஸே வாங்கலையே மேடம், அப்புறம் அது எங்க வேலை செய்யப் போகுது?" என்றார்.

பலரும் இப்படித்தான் நினைக்கிறார்கள். ஐலோ, மதர்போர்டிலேயே இருக்கும் தனிக் கம்ப்யூட்டர். சர்வரை அணைத்தாலும், பவர் கேபிள் செருகியிருந்தால் அது ஓடும். அட்வான்ஸ்டு லைசன்ஸ் இல்லையென்றால் விண்டோஸோ லினக்ஸோ ஏறிய பிறகு ரிமோட் திரை வராது. ஆனால் லாகின் பக்கம், பவர் பட்டன், புது யூசரைச் சேர்க்கும் இடம் எல்லாம் லைசன்ஸ் இல்லாமலே திறக்கும்.

2017-ல் ஐலோவின் நான்காம் தலைமுறையான ஐலோ 4-ல் ஒரு பாதுகாப்பு ஓட்டை வெளிவந்தது. வெப் பக்கம் கேட்டு அனுப்பும் எச்டிடிபி கோரிக்கையின் 'கனெக்‌ஷன்' ஹெட்டரில் 'ஏ' எழுத்தை 29 தடவை அனுப்பினால் போதும், பாஸ்வேர்ட் இல்லாமலே அட்மின் கணக்கு உருவாக்கிவிடலாம். ஐலோவுக்குள் ஓடும் மென்பொருளான ஃபர்ம்வேரின் 2.53 பதிப்பில் அதை அடைத்தார்கள். நம்மவர் சர்வரில் இருந்தது 2.40.

ஐலோவோடு நெட்வொர்க் வழியாகப் பேசும் பொது நெறிமுறையான ஐபிஎம்ஐ 2.0 சங்கதி இதைவிடக் கவலை தருவது. சரியான யூசர் பெயரைச் சொல்லிக் கேட்டாலே, லாகின் முடியும் முன்பே ஐலோ பாஸ்வேர்டிலிருந்து கணக்கிட்ட ஹாஷை அனுப்பிவிடும். அதை வைத்து நிதானமாகப் பாஸ்வேர்டை உடைக்கலாம். 2013-லேயே தெரிந்த விஷயம். நெறிமுறையே அப்படி இருப்பதால் பேட்ச் போட்டுத் தீராது.

திரை பார்க்கும் வசதிக்குக் காசு கேட்கட்டும், சரி. மழை ராத்திரியில் கொழிஞ்சாம்பாறை வீட்டிலிருந்தே சர்வரை எழுப்ப முடிகிறதே, அதற்குக் கொடுக்கலாம். ஆனால் ஐலோ 4-ல் ஆக்டிவ் டைரக்டரி (ஊழியர் கணக்குகளை ஒரே இடத்தில் வைக்கும் மைக்ரோசாஃப்ட் வசதி) லாகினுக்கும் லைசன்ஸ் வேண்டும். ஓர் ஊழியர் வேலையை விட்டுப் போனால் ஒரே இடத்தில் கணக்கை மூடும் வழி அது. அது இல்லாததால் ஒவ்வொரு சர்வராக ஏறி இறங்க வேண்டியிருக்கிறது, ஏதாவது ஒன்று விட்டுப்போகிறது. பாதுகாப்பைத் தனியாக விற்கக் கூடாது என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

அன்றே ஃபர்ம்வேரை ஏற்றினோம். லேன் வழி ஐபிஎம்ஐயை அணைத்து, ஐலோவைத் தனி விலேனில் (அதற்கென்று பிரித்த நெட்வொர்க்கில்) போட்டு, விபிஎன் வழியாக மட்டும் வரும்படி வைத்தோம். உங்களிடமும் பழைய சர்வர் இருந்தால், பின்பக்கம் ஐலோ போர்ட்டில் கேபிள் இல்லை என்று விட்டுவிடாதீர்கள். 'ஷேர்டு நெட்வொர்க் போர்ட்' ஆன் ஆகியிருந்தால் சாதாரண லேன் கேபிள் வழியாகவே ஐலோ வெளியே தெரியும். முதலில் அதைப் பாருங்கள்.