காசு கைமாறும் காட்சி

நைரோபியில் திரைக்கதை எழுதத் தொடங்கிய புதிதில், மட்டாட்டு என்னும் தனியார் வேனுக்குள் நடக்கும் ஒரு காட்சியை மூன்று பக்கம் எழுதியிருந்தேன். கண்டக்டருக்கும் ஒரு பெண்ணுக்கும் கட்டணத் தகராறு. சுவாஹிலி இலக்கணம் எங்கும் பிசகவில்லை. வாசிப்பு ஒத்திகைக்கு வந்த இளைஞன் நகரின் கிழக்குப் பகுதியான ஈஸ்ட்லாண்ட்ஸில் பிறந்து வளர்ந்தவன். "எங்கள் பக்கம் யாரும் இப்படிப் பேச மாட்டார்கள்" என்று தயங்கிச் சொல்லிவிட்டு, தானே பேசிக் காட்டினான். இருபது ஷில்லிங்குக்கு 'ம்பாவோ' என்றான், நூறுக்கு 'சோ' என்றான். என் மூன்று பக்கமும் நான்கு வரியில் முடிந்துவிட்டன.

அவன் பேசியது ஷெங். சுவாஹிலி, ஆங்கிலம், வீட்டு மொழிகள் எல்லாம் கலந்த தெருமொழி. பேட்டைக்குப் பேட்டை மாறும். 2012-இல் வந்த 'நைரோபி ஹாஃப் லைஃப்' நகரம் பேசுகிறபடியே பேசியது. கென்யா ஆஸ்கருக்கு அனுப்பிய முதல் படமும் அதுதான். அதற்குப் பிறகும் பாடப்புத்தகச் சுவாஹிலியில் வசனம் எழுதுவது பார்வையாளருக்குச் செய்யும் அவமரியாதை.

ஆறு மாதம் புருபுரு செல்லும் 58-ஆம் எண் வண்டியில் போய்வந்தேன். பின்வரிசைக்காரர் நீட்டும் காசு முன்னால் இருப்பவர்களின் கைவழியே கண்டக்டரிடம் போகும். மீதிச் சில்லறையும் அதே கைகளில்தான் திரும்பி வரும். கண்டக்டர் தகரத்தில் இரண்டு தட்டுத் தட்டினால் வண்டி கிளம்பும். மழை பிடித்தால் கட்டணம் ஏறும். இப்போது அந்தத் தகராறுக் காட்சியில் வசனமே இல்லை. கண்ணாடியில் மழைத்துளி விழுகிறது, அவள் பர்ஸைத் திறந்து இன்னொரு முறை எண்ணுகிறாள்.

2007-இல் எம்-பெசா என்னும் கைபேசிப் பணச் சேவை வந்து, காசு பெரும்பாலும் கைபேசிக்குள் போய்விட்டது. கைமாறும் காசைப் படம்பிடிக்க முடியாதே என்று வெகுகாலம் வருந்தினேன். பிறகுதான் பணம் வந்து சேர்ந்ததும் வரும் குறுஞ்செய்தியைக் கவனித்தேன். அனுப்பியவரின் பதிவுப் பெயர் அதில் வரும்.

அதை வைத்து ஒரு காட்சி எழுதினேன். தெருமுனையில் காய்கறி விற்பவளை அங்கே 'மாமா ம்போகா' என்பார்கள். 'மாமா' என்றால் அம்மா. பட்டப்பெயரால் மட்டுமே அவள் அறிந்த ஒருவன், பல நாள் கடனைக் கைபேசியில் அடைக்கிறான். அவனுடைய சொந்தப் பெயர் அவள் திரையில் வருகிறது. ஊரில் விட்டுவிட்டு வந்த பெயர். அந்த இடத்தில் ஒரு துப்பாக்கி வேண்டும் என்று வெளிநாட்டுத் தயாரிப்பாளர் ஒருவர் கேட்டார். மறுத்துவிட்டேன்.

படப்பிடிப்பன்று, அருகில் கடை போட்டிருந்த அம்மா எங்கள் நடிகையை அழைத்து, சுகுமா விக்கிக் கீரையைச் சுருட்டிக் கைப்பிடிக்குள் அடக்கி, பலகையில்லாமல் இழை இழையாக நறுக்கக் கற்றுக்கொடுத்தார். கேமரா ஓடியது. கீரை சீராக விழுந்துகொண்டிருந்தது. கைபேசி ஒலித்ததும் கத்தி நின்றது. அவள் குனிந்து, அந்தப் பெயரை எழுத்துக்கூட்டி வாசித்தாள்.