கண்ணாடி ஓட்டு வெளிச்சத்தில் ஒரு செய்முறைத் தேர்வு

மதுரையில் விஸ்காம் (காட்சித் தொடர்பியல்) படிப்பவர்களிடம் செய்முறைத் தேர்வுக்கு ஒளியும் நிழலும் வைத்து ஒரு பரிசோதனைக் குறும்படம் எடுக்கச் சொன்னால், முக்கால்வாசிப் பேர் நேரே திருமலை நாயக்கர் மகாலுக்குத்தான் ஓடுவார்கள். 1636-இல் கட்டிய மகால், தூண்களின் அழகில் குறையே இல்லை. ஆனால் தேர்வாளர் அதே தூண் வரிசையை வருடா வருடம் பார்த்துச் சலித்திருப்பார். அனுமதிக்கு அலைவது தனிக்கதை. நான் கீழவாசல் பக்கம் ஒரு பழைய ஓட்டு வீட்டில் எடுத்தேன்.

முதலில் தேதியைப் பாருங்கள். சித்திரை பிறக்கும் சமயம் மதுரையில் நண்பகல் சூரியன் கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு மேல் நிற்கும். வெளியே எடுத்தால் கண்குழி கறுத்துவிடும், நிழலும் காலடியில் சுருங்கிவிடும். ஓட்டு வீட்டுக்குள் கதையே வேறு. அதே உச்சி வெயில் கண்ணாடி ஓடு வழியே செங்குத்தாக இறங்கும். கொஞ்சம் சாம்பிராணி போட்டால் ஒளிக்கற்றை அப்படியே கேமராவில் தெரியும்.

ஆனால் அது நமக்காகக் காத்திருக்காது. ஓடு பத்தடி உயரத்தில் இருந்தால், தரையில் விழும் வெளிச்சம் கால் மணி நேரத்தில் ஏறக்குறைய ஒரு சாண் நகர்ந்துவிடும். அதனால் வைடு ஷாட்டை முதலில் முடித்துவிடுங்கள். க்ளோசப்பை, வெளிச்சத்தை முகத்தில் திருப்பிவிட ஒரு வெள்ளைத் தெர்மாகோல் அட்டையைப் பிடித்துப் பிறகு சமாளிக்கலாம். சுண்ணாம்புச் சுவர் வெளிச்சத்தை எல்லாப் பக்கமும் சிதறடித்து நிழலை வெளுக்க வைக்கும். முகத்தின் இருண்ட பக்கத்தில், ஃபிரேமுக்கு வெளியே ஒரு கறுப்புப் போர்வையைத் தொங்கவிடுங்கள், நிழல் சட்டென்று கனத்துவிடும். வாடகை லைட்டைவிட எனக்கு உதவியது அந்தப் போர்வைதான். எக்ஸ்போஷரை, அதாவது கேமரா வாங்கும் வெளிச்ச அளவை, பளிச்சென்ற இடத்துக்கு வைத்து லாக் செய்துவிடுங்கள். ஆட்டோவில் விட்டால் கேமரா இருட்டை வெளிச்சமாக்கப் பார்க்கும்.

அப்புறம் வைவா, அதாவது வாய்மொழித் தேர்வு. படத்தின் தத்துவத்தை யாரும் கேட்கவில்லை. ‘நிழலின் விளிம்பு ஏன் மங்கலாக இருக்கிறது?’ என்றார்கள். ஒளிமூலம் பெரிதானாலும் மங்கும், பொருள் சுவரிலிருந்து விலகினாலும் மங்கும். ‘ட்யூப்லைட் காட்சியில் ஷட்டர் வேகம் ஏன் 1/50 வினாடி?’ நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், 1/60 வைத்தால் ஃப்ளிக்கர், அதாவது படத்தில் வெளிச்சத் துடிப்பு, வரலாம். ‘பல்பை இரண்டு மடங்கு தூரத்தில் வைத்தால் வெளிச்சம் எவ்வளவு?’ பாதி என்றுதான் வாயில் வரும், சரியான விடை கால் பங்கு. உடனே அடுத்த கொக்கி: ‘ஓட்டு வெயிலுக்கும் அப்படித்தானா?’ இல்லை. சூரியன் இருக்கும் தூரத்துக்கு நாம் நாலடி நகர்வதெல்லாம் கணக்கிலேயே வராது.

ரெக்கார்டு நோட்டில் ஷாட்டுக்கு ஷாட் ஒரு தரைப்படம் போட்டு, வெளிச்சம் வரும் திசைக்கு அம்புக்குறியும் பக்கத்தில் எடுத்த நேரமும் குறித்து வையுங்கள். பாதிக் கேள்விகள் அதிலிருந்துதான் வந்தன.