ஸ்கல்லியின் காதலும் ஆண்டர்சனின் வாழ்க்கையும்

'தி எக்ஸ்-ஃபைல்ஸ்' தொடர் 1993 செப்டம்பரில் அமெரிக்காவில் ஃபாக்ஸ் தொலைக்காட்சியில் தொடங்கியபோது, மருத்துவரும் புலனாய்வாளருமான டானா ஸ்கல்லியாக நடித்த கில்லியன் ஆண்டர்சனுக்கு வயது 25. ஸ்கல்லிக்கும் அவருடைய கூட்டாளி மோல்டருக்கும் இடையில் இருந்த காதல், சொல்லப்படாமலேயே ஆண்டுக்கணக்கில் நீண்டது. இருவரும் முறையாக முத்தமிட்டுக்கொள்ள 1999-இல் வந்த ஏழாவது சீசன் வரை ரசிகர்கள் காத்திருக்க வேண்டியிருந்தது. அந்தக் காத்திருப்புதான், நடித்தவர்கள் நிஜத்திலும் காதலர்கள் என்ற வதந்திக்கு நல்ல உரமாக அமைந்தது என்பது என் கணிப்பு. திரையில் கிடைக்காததை ரசிகர்கள் திரைக்கு வெளியே தேடினார்கள். கதாபாத்திரங்கள் காதலில் இணைய வேண்டும் என்று விரும்புவோரைக் குறிக்க இன்று உலகெங்கும் வழங்கும் 'ஷிப்பர்' என்ற சொல்லே இத்தொடரின் ரசிகர்களிடையேதான் பரவியது.

ஆண்டர்சனும், மோல்டராக உடன் நடித்த டேவிட் டுகோவ்னியும் உண்மையிலேயே காதலர்கள் என்ற பேச்சு, மறுக்கப்பட்ட பின்னரும், இணையத்தில் மீண்டும் மீண்டும் தலைதூக்கியது. விளம்பர விழாவொன்றில் இருவரும் சிரித்தபடி நிற்கும் புகைப்படம் போதும், மிச்சத்தைத் தலைப்பு எழுதுபவர் பார்த்துக்கொள்வார். (நானும் ஒரு காலத்தில் அத்தகைய செய்திகளை ஆவலோடு படித்தவன்தான்.) ஆனால் படப்பிடிப்பு நடந்த ஆண்டுகளில் தங்களுக்குள் உரசல் இருந்ததையும், சில காலம் படப்பிடிப்புக்கு வெளியே பேசிக்கொள்ளாமலே இருந்ததையும் பின்னாளில் அவர்களே ஒப்புக்கொண்டார்கள். அத்தகைய மனநிலையிலும் திரையில் ஸ்கல்லியின் காதல் பார்வைகளை நம்பவைத்த ஆண்டர்சனுக்கு, 1997-இல் அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருது கிடைத்தது.