ஏழு கவர்கள்

தேவகோட்டையில் எங்கள் தையல் கடை, ஒரு பெரிய வீட்டின் பக்கச் சுவரை ஒட்டிய ஒற்றை அறை. வாடகை 1,500 ரூபாய். மாதம் பிறந்ததும் அப்பா அந்த வீட்டின் முகப்புக்குப் போய் வீட்டுக்கார ஆச்சியிடம் கொடுத்துவிட்டு வருவார். ஆச்சி நோட்டில் வரவு வைத்து, துண்டுச் சீட்டில் கையெழுத்துப் போட்டுத் தருவார். இருபது வருடம் இப்படித்தான் ஓடியது.

2011-இல் ஆச்சி காலமானார். காரியம் முடிந்த கையோடு மூத்த மகன், "வாடகையை இனி எனக்கு அனுப்புங்கள்" என்றார். மறு வாரமே இளையவர் போன் செய்து, "அண்ணனிடம் கொடுத்தால் அதற்கு நான் பொறுப்பில்லை" என்றார். பங்காளிச் சண்டையில் தலையைக் கொடுக்க அப்பாவுக்குப் பயம். மாதாமாதம் வாடகையைக் கவரில் போட்டு, மேலே பென்சிலால் மாதத்தின் பெயரை எழுதி, நூல்கண்டுகளுக்கு அடியில் வைத்தார். ஆடி, ஆவணி, புரட்டாசி என்று ஏழு கவர்கள் சேர்ந்தன. எட்டாவது மாதம் மூத்தவரின் வக்கீல் நோட்டீஸ் வந்தது.

எங்கள் வக்கீல் கவர்களைப் பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டார். யாருக்கு வாடகை சேர வேண்டும் என்ற சந்தேகம் வந்தால் வாடகைக் கட்டுப்பாட்டு நீதிமன்றத்திலேயே பணத்தைக் கட்டலாம் என்று 1960-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே வழி இருந்திருக்கிறது. எங்களுக்கு அது தெரியாது. பங்காளிகளில் ஒருவர் தனியாகவே வழக்குப் போடலாம் என்பதும் அன்றுதான் தெரிந்தது. நோட்டீஸ் கிடைத்து இரண்டு மாதம் தாண்டியும் கட்டாமல் இருந்தால், வேண்டுமென்றே கட்டவில்லை என்று சட்டம் எடுத்துக்கொள்ளும். அந்த வாரமே 10,500 ரூபாயையும் கோர்ட்டில் கட்டினோம். அப்படியும் மூத்தவர் காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்டார். வழக்கு முடியும் வரை மாத வாடகையைத் தவறாமல் கட்டி வந்தோம். அதில் தவறினால் எதிர்த்து வாதாடவே இடமில்லாமல் போய்விடும்.

குறுக்கு விசாரணை இன்னும் என் காதில் ஒலிக்கிறது.

"பணம் கையில் இருந்ததா?"

"இருந்தது ஐயா."

"பிறகு ஏன் கொடுக்கவில்லை?"

"யாரிடம் ஐயா கொடுப்பது?"

வாடகை தவறியது உண்மை, ஆனால் வேண்டுமென்று தவறவில்லை என்று 2014-இல் தீர்ப்பு வந்தது. கடை தப்பியது. காப்பாற்றியது அப்பாவின் நாணயம் மட்டும் அல்ல. ஆச்சியின் துண்டுச் சீட்டுகளும், கோர்ட்டில் பணம் கட்டிய செல்லான்களும் இல்லாதிருந்தால் அந்த நாணயத்தை யார் நம்பியிருப்பார்கள்?

இப்போது சட்டமே வேறு. 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கும் புதிய சட்டப்படி ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், அதைப் பதிவு செய்யவும் வேண்டும். இரண்டு மாத வாடகை நின்றாலே வீட்டுக்காரர் வாடகை நீதிமன்றம் போகலாம். நோட்டீஸ் கிடைத்த ஒரு மாதத்துக்குள் பாக்கியைக் கட்டினால் தப்பலாம். அப்பாவைப் போல ஏழு மாதம் கவரில் சேர்த்து வைக்க இன்று முடியாது.

போன மாதம் எதிர் டீக்கடை அண்ணன் வந்து, "கடை இடத்தின் சொந்தக்காரச் செட்டியார் தவறிவிட்டார் தம்பி, மகன்கள் இரண்டு பேரும் வாடகை கேட்கிறார்கள், பணத்தைத் தனியே எடுத்து வைத்திருக்கிறேன்" என்றார். கத்தரிக்கோலை அப்படியே மேசையில் வைத்துவிட்டு, அவரை எங்கள் வக்கீல் வீட்டுக்கு அழைத்துப் போனேன்.